மிட்வே போர்: விமானங்கள் மேல்தளத்தில் நின்றனவா?

நண்பர்களுக்கு வணக்கம். 1942 ஜூன் 4 அன்று பசிபிக் பெருங்கடலில் மிட்வே தீவருகே ஜப்பானுக்கும் அமெரிக்காவுக்கும் இடையே தொடங்கிய கடற்போரைப் பற்றிக் கட்டுரை எழுதும்போது ஓரிடத்தில் தடுமாறி நிற்கிறேன். தீவை மீண்டும் தாக்குவதற்காக விமானங்களிலிருந்த டார்பிடோக்களை (கப்பல்களைத் தாக்க நீருக்குள் பாயும் குண்டுகளை) கழற்றித் தரைக்குண்டுகளைப் பொருத்தும்படி ஆணையிட்ட ஜப்பானிய அட்மிரல் நகுமோ, அமெரிக்கக் கப்பல்கள் அருகில் இருப்பதை அறிந்ததும் அவ்வாணையை மாற்றினார். காலை பத்தரை மணியளவில் அமெரிக்கக் குண்டுவீச்சு விமானங்கள் செங்குத்தாகப் பாய்ந்து, அகாகி, காகா, சோர்யு ஆகிய மூன்று ஜப்பானிய விமானந்தாங்கிக் கப்பல்களையும் சில நிமிடங்களில் எரியவிட்டன. அப்போது ஜப்பானிய விமானங்கள் புறப்படத் தயாராக மேல்தளத்தில் நின்றன என்று பழைய நூல்கள் சொல்ல, பிற்கால ஆய்வுகளோ பெரும்பாலானவை கீழ்த்தள ஹேங்கரிலேயே (விமானங்களை நிறுத்திவைக்கும் கூடத்திலேயே) இருந்தன என்கின்றன. எனக்கும் இதுவே பொருத்தமாகப் படுகிறது. கடற்படையில் விமானப் பராமரிப்புப் பணியில் இருந்தவர்கள் எவரேனும், டார்பிடோவைக் கழற்றிக் குண்டு பொருத்துவதற்கு ஏன் அத்தனை நேரம் பிடிக்கும் என்பதை விளக்கினால் நன்றியுடையவனாவேன்.