ஜியான்ஃபிராங்கோ ரோஸி மாதிரி ஒத்த ஆளா டாக்குமெண்டரி எடுக்க முடியுமா?

வடசென்னை_கேமரா:
நண்பர்களே ஒரு உதவி. காசிமேட்டுல வலை தைக்கிற ஒரு பெரியவரை வச்சு டாக்குமெண்டரி எடுத்துட்டு இருக்கேன். தடைக்காலத்துல ஆரம்பிச்சேன், அப்போதான் போட்டெல்லாம் கரையில நிக்கும், இவங்களும் வலை வேலையில உக்காந்திருப்பாங்கன்னு. 61 நாளும் ஓடிப்போச்சு, கேமராவ வெளிய எடுத்தாலே மனுஷன் பேட்டி குடுக்குற மாதிரி நிமிந்து உக்காந்துக்குறாரு. போன வாரம் இத்தாலி டாக்குமெண்டரி இயக்குநர் ரோஸியோட ஃபுவோகோஅம்மாரே படம் பாத்தேன். அதுல சாமுவேலேன்னு ஒரு பையன் உண்டிவில் செய்றான், கண் டாக்டர்கிட்ட போறான், பக்கத்துல ஒருத்தர் கேமராவோட நிக்கிறதே அவனுக்கு ஞாபகம் இல்லாத மாதிரி இருக்கான். எப்படி இது நடக்குது? மத்த படங்கள எந்த வரிசையில பாக்கலாம்? நானும் தனியாதான் எடுக்குறேன்.

ராயபுரம்வாசி:
ப்ரோ ஃபுவோகோஅம்மாரே எடுத்த லாம்பெடூசாங்கிற இத்தாலித் தீவுக்கு அவரு முதல்ல போனது ஒரு குறும்படத்துக்குத்தான். அங்க நெஞ்சுல சளி கட்டி டாக்டர்கிட்ட போயிருக்காரு, அந்தத் தீவோட டாக்டர் பியெத்ரோ பார்த்தோலோ. படகுல தப்பிச்சு வர்ற அகதிகள வருஷக்கணக்கா பாத்தவரு. தான் பாத்ததெல்லாம் இருந்த ஒரு பென் டிரைவ அந்த டாக்டர் ரோஸி கையில குடுத்திருக்காரு. அதுக்கப்புறம் ரோஸி ஒரு வருஷத்துக்கு மேல அங்கயே வீடு எடுத்துத் தங்கிட்டாரு, குறும்படம் முழுப்படம் ஆச்சு, 2016ல பெர்லின் திரைப்பட விழாவுல பெரிய விருதான தங்கக் கரடி வாங்குச்சு. நோய்க்குப் போன எடத்துல படம் கெடைச்சிருக்கு பாருங்க. அவரு அங்க குடியிருந்ததாலதான் அது நடந்துச்சு.

தினம்_ஒரு_படம்:
வரிசைன்னா போட்மேன்ல (1993) ஆரம்பிங்க, அது நம்ம காசி! கோபால்னு ஒரு படகுக்காரர், கங்கையில அவரோட படகுல உக்காந்துக்கிட்டே எடுத்த கறுப்பு வெள்ளைப் படம். ரோஸி எரித்ரியாவுல அஸ்மாராவுல பொறந்தவரு, நியூயார்க்ல சினிமா படிச்சவரு, ஆனா முதல் படத்துக்கு நம்ம ஊரு ஆத்துக்கு வந்திருக்காரு, எனக்கு அதுல ஒரு தனி சந்தோஷம். அப்புறம் எல் சிகாரியோ ரூம் 164 கட்டாயம் பாருங்க, ஒரே ரூம், முகத்த மூடின ஒரு கூலிக் கொலைகாரன், கையில நோட்டும் மார்க்கரும், வரைஞ்சு வரைஞ்சு சொல்றான் அவ்வளவுதான் படம். கேமராவுக்கு முகம் காட்டத் தயங்குறவங்கள வச்சு எடுக்குறவங்க இத விடவே கூடாது.

சாக்ரோ ஜிஆர்ஏ 2013ல வெனிஸ் திரைப்பட விழாவுல தங்கச் சிங்கம் வாங்குச்சு, அந்த விருது வாங்கின முதல் டாக்குமெண்டரி. ஜிஆர்ஏங்கிறது ரோமைச் சுத்துற ரிங் ரோடு, கிட்டத்தட்ட 68 கிலோமீட்டர், நம்ம வண்டலூர் மீஞ்சூர் அவுட்டர் ரிங் ரோடு அளவுதான். அந்த ரோட்டோரத்துல விலாங்கு மீன் புடிக்கிறவர், பனைமரத்துக்குள்ள கூன்வண்டு கடிக்கிற சத்தத்த மைக் வச்சுக் கேக்குறவர்னு ஆளுங்க. அவுட்டர் ரிங் ரோட்டுல போகும்போதெல்லாம் எனக்கு இந்தப் படம்தான் ஞாபகம் வரும்.

மேசைவிளக்கு:
ஒண்ண மட்டும் சேர்த்துக்கறேன் தம்பி. ஷூட்டிங்லதான் அவரு ஒத்த ஆள், கேமராவும் சவுண்டும் அவரே. எடிட்டிங்குக்கு யாக்கோபோ குவாத்ரி பல படங்கள்ல கூட இருந்திருக்காரு. எடுத்தவனுக்கு எல்லா ஷாட்டும் புள்ள மாதிரிதான் தெரியும், வெட்ட இன்னொரு கை வேணும். அப்புறம் நொத்துர்னோ (2020) எனக்கு முழுசா ஒத்துவரல. ஈராக், சிரியா, லெபனான் எல்லையில மூணு வருஷம் எடுத்தாரு, ஆனா எந்த ஊருன்னு படத்துல சொல்லவே மாட்டாரு. துக்கப்படுற தாய அவ்வளவு அழகான ஃபிரேமுக்குள்ள வைக்கும்போது எனக்கு மனசு நெருடுச்சு. காசிமேட்டுல நீங்க இந்தத் தப்ப செஞ்சிடாதீங்க, அந்த எடத்தோட பேரு, நாத்தம், ஏலச் சத்தம் எல்லாம் இருக்கட்டும்.

வடசென்னை_கேமரா:
எல்லாருக்கும் ரொம்ப நன்றி. அண்ணா எடிட்டிங் பத்தி சொன்னது உறைச்சிடுச்சு, நானே வெட்டலாம்னுதான் இருந்தேன். இன்னிக்கு கேமரா இல்லாம போனேன். பெரியவரு வலையோட இன்னொரு முனைய புடிச்சுக்கோடான்னு குடுத்தாரு, ரெண்டு மணி நேரம் புடிச்சிட்டு நின்னேன், அவரோட அப்பா கட்டுமரத்துல போன கதையெல்லாம் சொல்லிட்டே தைச்சாரு. ரெக்கார்ட் பண்ண கையே இல்ல. நாளைக்கும் வரச் சொல்லியிருக்காரு.