நாலுவழிச் சாலைக்கு எடுத்த நிலத்துக்கு சென்ட் 18,000 தான் போட்டிருக்காங்க, இது சரியா?

கேள்வி:
வணக்கம். நேஷனல் ஹைவேஸ் அகலப்படுத்துறதுல எங்க புஞ்சை 40 சென்ட் போகுது, கூடவே ஒரு கிணறும் தென்னை 12-ம். இப்ப அவார்டு (இழப்பீடு எவ்வளவுன்னு தீர்மானிச்ச உத்தரவு) வந்திருக்கு, சென்ட்டுக்கு 18,000 மார்க்கெட் வேல்யூ, கிராமம்ங்கிறதால 1.25-ஆல பெருக்கியிருக்காங்க. ஆனா பக்கத்து காடு போன மாசம்தான் 35,000-க்கு கிரையம் ஆச்சு. எதை வச்சு இவங்க கணக்கு போடுறாங்கன்னே புரியல, பணத்த வாங்கலாமா வேண்டாமா?

பதில் 1:
கைட்லைன் வேல்யூ (பத்திரப் பதிவுக்கு அரசு வச்ச விலை) என்னவோ அதான் கிடைக்கும் சார், அலையாதீங்க. பணத்தையும் வாங்காதீங்க, வாங்கிட்டா கேஸ் போட முடியாது.

பதில் 2:
மேல சொன்னது ரெண்டுமே தப்பு. 2013 நில எடுப்பு சட்டம், பிரிவு 26 படி கைட்லைன் வேல்யூ, சுத்துப்பட்டுல அதே மாதிரி நிலத்தோட சராசரி கிரைய விலை, இந்த ரெண்டுல எது அதிகமோ அதைத்தான் எடுக்கணும். ஹைவேஸ் தனிச்சட்டம்தான் (1956), இருந்தாலும் 2015 ஜனவரி 1-ல இருந்து இழப்பீட்டுக்கு 2013 சட்டத்தோட கணக்குதான். போன மாச கிரையத்த மறந்துடுங்க, 3ஏ நோட்டிஃபிகேஷனுக்கு (நிலத்த எடுக்கப்போறோம்னு வர்ற முதல் அறிவிப்பு) முந்தின 3 வருஷ பத்திரம்தான் செல்லும். அவார்டு காப்பில எந்தெந்த பத்திரத்த எடுத்தாங்கன்னு ஒரு பட்டியல் இருக்கும், அத இங்க போடுங்க.

கேட்டவர்:
இருக்குங்க. மொத்தம் 10 பத்திரம், சென்ட் விலை ஆயிரத்துல: 30, 28, 26, 24, 22, 14, 12, 10, 8, 6. கூட்டி பத்தால வகுத்து 18. கைட்லைன் 11 தான்.

பதில் 2:
அட, இங்கதான் மாட்டுது! பத்தையும் கூட்டி வகுக்கக்கூடாதுங்க. விலை அதிகமா இருக்குற பாதி பத்திரத்த மட்டும் எடுத்து சராசரி போடணும்னு அதே 26-ல விளக்கமாவே இருக்கு. உங்களுக்கு மேல் அஞ்சு, கூட்டினா 130, அப்ப சென்ட் 26,000. வித்தியாசம் 8,000, 40 சென்ட்டுக்கு 3,20,000, அத 1.25-ஆல பெருக்கினா 4 லட்சம், அதுக்கு 100 சதவீதம் சொலேஷியம் (கட்டாயமா நிலத்த எடுக்குறதுக்காக கூடுதலா தர்ற தொகை) சேத்தா 8 லட்சம்! ஆபீஸ்ல குறைஞ்ச விலை பத்திரத்த பட்டியல்ல சேக்குறது ஒண்ணும் அதிசயமில்ல, ஆனா பாதி விதிய விட்டது சட்டப்படி தப்பு. ஒண்ணு மட்டும், இந்த விலை உண்மையான மார்க்கெட்ட காட்டலன்னு காரணம் எழுதி ஒரு பத்திரத்த ஒதுக்குற அதிகாரம் அவங்களுக்கு உண்டு, அப்படி ஏதாவது எழுதியிருக்கான்னு பாத்துக்குங்க.

பதில் 3:
கிணறு, தென்னைக்கு போட்ட தொகைக்கும் சொலேஷியம் சேத்தாங்களான்னு பாருங்க, எங்களுக்கு நிலத்துக்கு மட்டும் போட்டு விட்டுட்டாங்க, எழுதிக் கேட்டப்புறம்தான் சேத்தாங்க. மார்க்கெட் வேல்யூ மேல வருஷத்துக்கு 12 சதவீதம் ஒண்ணு தனியா வரணும், அதுவும் கணக்குல இருக்கான்னு பாருங்க. ஆறு வாரத்துக்குள்ள மனு குடுக்கணும், லேட் பண்ணாதீங்க.

பதில் 2:
அந்த ஆறு வாரம் 2013 சட்டத்துல நேரடியா எடுக்குற நிலத்துக்கு, பிரிவு 64. ஹைவேஸ்ல பிரிவு 3ஜி(5) படி மத்திய அரசு நியமிக்கிற ஆர்பிட்ரேட்டர்கிட்ட (தகராறத் தீர்க்கிற நடுவர்) போகணும், பெரும்பாலும் கலெக்டர்தான் அது. அங்கயும் சரிப்படலன்னா மாவட்ட கோர்ட், அதுக்கு 3 மாசம்தான் டைம். ஆனாலும் நாள் கடத்தாதீங்க.

கேட்டவர்:
பணத்த வாங்கிக்கலாமா அப்ப?

பதில் 2:
தாராளமா வாங்குங்க. ரசீதுல "ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்"னு உங்க கைப்பட எழுதி, அதோட காப்பிய பத்திரமா வச்சுக்குங்க. சும்மா கையெழுத்து மட்டும் போட்டுட்டு வந்துடாதீங்க, அவங்க அவசரப்படுத்துவாங்க.

கேட்டவர்:
ரொம்ப நன்றிங்க. இப்பதான் பாத்தேன், கிணத்துக்கு சொலேஷியம் சேக்கவே இல்ல. பத்திரத்த ஒதுக்கினதா எங்கயும் எழுதலை. திங்கக்கிழமை அந்த 10 பத்திரத்துக்கும் நகல் மனு போடுறேன், அப்புறம் வக்கீலப் பாக்கணும்.