நூலகத்தில் தேடுவதற்கு ஒரு கட்டாயப் பேப்பர் வேண்டுமா?

சித்தூர்ப்புழை:
பாலக்காடு மாவட்டத்தின் கிழக்கு ஓரத்தில் ஒரு கல்லூரியில் தமிழ் எடுக்கிறேன். பெயர் வேண்டாம். பிள்ளைகளில் பெரும்பாலோர் தமிழ் மீடியத்தில் ப்ளஸ் டூ முடித்து வருகிறவர்கள். போன வாரம் இரண்டாம் ஆண்டுக்குப் பதிற்றுப்பத்து பற்றி அசைன்மென்ட் கொடுத்தேன். சேரர்களைப் பாடிய நூல், நம் மண்ணுக்குச் சொந்தக் கதை, ஆர்வமாகத் தேடுவார்கள் என்று நினைத்தேன். பாதிப் பேருக்கு மேல் ஒரே இணையப் பக்கத்தைப் பார்த்து எழுதியிருந்தார்கள். அதிலிருந்த எழுத்துப்பிழைகூட மாறவில்லை. நூலகத்துக்குப் போனது ஒரே ஒருத்தி.

முதல் வாரத்தில் 'நூலக அறிமுகம்' என்று ஒரு மணி நேரம் நடத்துகிறோம். அறுபது பேரை வரிசையாக உள்ளே விட்டு, இது ரெஃபரன்ஸ், இது வார இதழ், பையை வெளியே வை, சத்தம் போடாதே என்று சொல்லி மறுவாசல் வழியாக அனுப்புகிறோம். கோயிலில் கூட்ட நாளில் தரிசனம் முடிக்கிற மாதிரி.

2024இல் கேரளத்தில் நான்காண்டுப் பட்டப்படிப்பு வந்த பிறகு திறன் வளர்ப்புப் பாடங்களுக்கு இடம் கிடைத்திருக்கிறது. அதில் நூலகத் தேடலை ஒரு கட்டாயப் பேப்பராக வைத்துவிடலாம் என்பது என் கருத்து. மார்க் இருந்தால்தான் நம் பிள்ளைகள் எதையும் தொடுவார்கள். மற்றவர்கள் என்ன சொல்கிறீர்கள்?

கார்டு டிராயர்:
மாஷே, நான் இருபது வருடமாக நூலகர். மனசு நோகாமல் கேளுங்கள். பேப்பர் என்று வைத்த அன்றே கதை முடிந்தது. அடுத்த மாதம் கடையில் கைடு வந்துவிடும். 'நூலகத்தின் வகைகள் யாவை? ஐந்து மார்க்.' புத்தகங்களுக்குப் பொருள்வாரியாக எண் போடும் டியூவி தசமப் பகுப்பு 1876இல் வந்தது என்று பையன் அழகாக எழுதுவான். அவனையே அலமாரி முன்னால் நிறுத்துங்கள், 894.811க்கும் 894.812க்கும் நடுவில் முழிப்பான். முதலாவது தமிழ் இலக்கியம், இரண்டாவது மலையாள இலக்கியம். தமிழ்நாட்டு எல்லையில் இருக்கிற வேலந்தாவளம் செக்போஸ்ட் மாதிரிதான், ஒரு எட்டு தள்ளி வைத்தால் பாஷை மாறிவிடும்! இதைக் கால் நடந்து, கை தொட்டுத்தான் கற்க முடியும்.

நீங்கள் செய்ய வேண்டியது ஒன்றுதான். ஒரு கேள்வியைக் கையில் கொடுத்து என்னிடம் அனுப்புங்கள். கேள்வி இல்லாமல் வருகிறவனுக்கு நூலகம் ஒரு குடோன். சீர்காழியில் பிறந்த ரங்கநாதன் கணக்கு வாத்தியாராக இருந்து, 1924இல் சென்னைப் பல்கலைக்கழக நூலகரானவர். 1931இல் அவர் நூலகத்துக்கு எழுதி வைத்த ஐந்து விதிகளில் நான்காவது, வாசகரின் நேரத்தை மிச்சப்படுத்து என்பது. நீங்கள் ஒரு செமஸ்டரையே வாங்கப் பார்க்கிறீர்கள்.

கஞ்சிக்கோடு ஷிஃப்ட்:
இரண்டு பேரும் மன்னிக்க வேண்டும். இன்னும் அலமாரி நம்பரிலேயே நிற்கிறீர்களே! போனில் ஏஐயிடம் கேட்டால் பத்து வினாடியில் பத்து ஆதாரம் தருகிறது. நான் பி.டெக் முடிக்கும்வரை நூலகத்துக்குள் போனது நோ டியூஸ் கையெழுத்து வாங்க மட்டும்தான். வேலை கிடைக்கவில்லையா?

சித்தூர்ப்புழை:
தம்பி, அந்தப் பத்து ஆதாரத்தில் ஒன்றைச் சொல்கிறேன். ஒரு மாணவன் பதிற்றுப்பத்தின் முதல் பத்திலிருந்து இரண்டு வரியும், அதற்கு ஒரு உரையாசிரியர் பெயரும், பக்க எண்ணோடு எழுதிக் கொண்டுவந்தான். எங்கிருந்து எடுத்தாய் என்றேன். போனைக் காட்டினான். பத்துப் பத்துகளில் முதலும் கடைசியும் நமக்குக் கிடைக்கவே இல்லை. உ.வே.சா. 1904இல் பதிப்பித்தபோதே எட்டுதான். இல்லாத பாட்டுக்கு உரை, உரைக்குப் பக்க எண்! அவனைக் குறை சொல்லவில்லை. பதிப்பைக் கையில் எடுத்து முன்னுரையைப் புரட்டியிருந்தால் ஐந்து நிமிடத்தில் தெரிந்திருக்கும். புரட்ட வேண்டும் என்று யாரும் சொல்லித்தரவில்லை. இதற்குத்தான் பேப்பர் கேட்கிறேன்.

கஞ்சிக்கோடு ஷிஃப்ட்:
சரி, அது மோசம்தான். ஆனால் அது ஏஐயைச் சரியாகப் பயன்படுத்தத் தெரியாததன் தப்பு. நூலகம் தெரியாததன் தப்பு இல்லை.

கார்டு டிராயர்:
இரண்டும் ஒரே தப்புதான். சொன்னது உண்மையா என்று வேறோர் இடத்தில் போய்ப் பார்க்கும் பழக்கம் இல்லை. ஸ்டான்ஃபோர்டில் சாம் வைன்பர்க்கும் சாரா மெக்ரூவும் 2017இல் ஒரு ஆய்வு வெளியிட்டார்கள். 10 வரலாற்று அறிஞர்கள், 10 செய்திச் சரிபார்ப்பாளர்கள், 25 மாணவர்கள். எல்லோரிடமும் சில இணையதளங்களைக் கொடுத்து நம்பலாமா என்று கேட்டார்கள். மாணவர்கள் மட்டும் இல்லை, பேராசிரியர்களிலும் பலர் பக்கத்தின் தோற்றத்தையும் முத்திரையையும் பார்த்து ஏமாந்தார்கள். சரிபார்ப்பாளர்கள் அந்தப் பக்கத்தில் உட்காரவே இல்லை. உடனே வேறு ஜன்னல்களைத் திறந்து, இவர்கள் யார் என்று அடுத்தவர்களிடம் விசாரித்தார்கள். நாம் பெண் பார்க்கப் போனால் அக்கம்பக்கத்தில் விசாரிப்போமே, அதுதான்.

மாஷ், உங்கள் பேப்பரில் 'நல்ல இணையதளத்தின் பத்து அடையாளங்கள்' என்று ஒரு யூனிட் கட்டாயம் வரும். அதற்குத்தான் பயப்படுகிறேன்.

மூணரை மணி பஸ்:
நூலகத்துக்குப் போன அந்த ஒருத்தி நான்தான். பெரியவர்கள் பேசும் இடத்தில் நுழைவதற்கு மன்னிக்கவும்.

சார் நினைக்கிற மாதிரி நான் ஒன்றும் பெரிதாகக் கண்டுபிடிக்கவில்லை. நூலகக் கணினியில் பதிற்றுப்பத்து என்பதைத் தமிழில் டைப் செய்ய வரவில்லை, ஆங்கில எழுத்தில் பேசுகிற மாதிரியே pathitrupathu என்று அடித்தேன். ஒன்றும் வரவில்லை. புத்தகம் இல்லை என்று நினைத்துக் கிளம்பப் பார்த்தேன். அப்புறம் அங்கே தூசி தட்டிக்கொண்டிருந்த அக்கா, "தமிழ் அந்த மூலையில் இருக்கு, போய்ப் பாரு" என்றார். போனால் இருந்தது. ஆனால் கண்ணாடி அலமாரி, பூட்டு. சாவி கேட்டால் என்ன புத்தகம் என்று எழுதித் தரச் சொன்னார்கள். புரட்டிப் பார்க்காமல் எது வேண்டும் என்று நான் எப்படி எழுதுவது? அதற்குள் பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது. அதை விட்டால் அடுத்தது ஐந்தேகால்.

கார்டு டிராயர்:
பாப்பா, இது உன் தப்பு இல்லை. கேட்லாக் செய்கிறவர்கள் தமிழ்ப் பெயரைப் பேசுகிற மாதிரி எழுதுவதில்லை. எழுத்துக்கு எழுத்து என்று உலக நூலகங்களில் ஒரு முறை உண்டு. அதில் ச-வுக்கு எப்போதும் 'சி' என்ற ஆங்கில எழுத்து, ற்றுக்கு இரட்டை 'ஆர்', த-வுக்கு 'எச்' சேர்க்காத வெறும் 'டி' (t). சிலப்பதிகாரம் 'சி'யில் தொடங்கும், 'எஸ்'ஸில் தேடினால் கிடைக்காது. சங்கத்தை நாம் 'எஸ்'ஸில் தேடுவோம், அது 'சி'யில் ஒளிந்திருக்கும். அதனால் ஒரு பெயருக்கு மூன்று ஸ்பெல்லிங் போட்டுப் பார், முடிந்தால் தமிழ் எழுத்திலும் போடு.

இன்னொன்று. இந்தியப் பல்கலைக்கழக ஆய்வேடுகளைச் சேர்த்து வைக்கும் சோத்கங்கா இணையதளத்தில் அவற்றை இயல் இயலாகத் தனித்தனிக் கோப்பாக ஏற்றியிருப்பார்கள். முழுசும் இறக்கி வைத்துத் திணறாதே. முதலில் கடைசியில் உள்ள துணைநூற்பட்டியலை மட்டும் திற. உன் தலைப்பில் ஒருவர் மூன்று நான்கு வருடம் அலைந்து சேர்த்த பட்டியல் அது. சில ஆய்வேடுகள் பழைய எழுத்துருவில் இருக்கும், உள்ளே தமிழில் தேடினால் ஒன்றும் சிக்காது. கண்ணால்தான் பார்க்க வேண்டும்.

பார்த்தீர்களா மாஷ், இது முழுவதும் ஐந்து நிமிடம். தேவை இருந்ததால் இவள் மறக்க மாட்டாள்.

குப்பத்துக்காரன்:
ஆந்திரா பக்கமிருந்து ஒரு குரல். நூலகர் ஐயா சொல்வது கேட்க நன்றாக இருக்கிறது. தேவை வரும்போது கற்றுக்கொள்ளலாமாம். எனக்குத் தேவை வந்தது பிஎச்டி மூன்றாம் வருடத்தில்! அதுவரை சோத்கங்கா என்ற பெயரே காதில் விழவில்லை. நான் எடுத்த தலைப்பில் ஏற்கெனவே ஒரு ஆய்வேடு முழுசாக இருந்தது. தெரிந்ததும் தலைப்பையே மாற்றினேன். இருபது வருடம் மேசையில் உட்கார்ந்திருந்தவரிடம் வந்து கேட்டவர்களைத்தான் அவருக்குத் தெரியும். வராதவர்கள் எத்தனை பேர்? பேப்பர் என்றால் வராதவனும் வந்தாக வேண்டும். சித்தூர்ப்புழை பக்கம் என் ஓட்டு.

அரசு வேறு 2024 நவம்பரில் 'ஒரே நாடு ஒரே சந்தா'வுக்கு மூன்று வருடத்துக்கு 6,000 கோடி ரூபாய் ஒதுக்கியது. 30 பதிப்பகங்கள், ஏறக்குறைய 13,000 ஆய்விதழ்கள், அரசு உயர்கல்வி நிறுவனங்களுக்கெல்லாம். கதவைத் திறந்து வைத்தாயிற்று, வீடு எங்கே இருக்கிறது என்று யாரும் பிள்ளைகளிடம் சொல்லவில்லை.

கார்டு டிராயர்:
வராதவர்களை எனக்குத் தெரியாது என்பது சரியான அடி. வாங்கிக்கொள்கிறேன். ஆனால் கட்டாயப்படுத்திக் கூட்டி வந்தவன் கற்றுக்கொண்டதாகவும் நான் பார்த்ததில்லை.

சித்தூர்ப்புழை:
நான் பேப்பரை விடுவதாக இல்லை. ஆனால் எழுத்துத் தேர்வு வேண்டாம் என்பதை ஒப்புக்கொள்கிறேன். இப்படி வைத்தால் என்ன? ஒவ்வொருவருக்கும் வேறு வேறு கேள்வி. விடைக்கு மார்க் கிடையாது, தேடிய வழிக்குத்தான். எந்தச் சொல் போட்டான், என்ன வந்தது, எதைத் தள்ளினான், ஏன் தள்ளினான் என்று ஒரு நோட்டில் எழுத வேண்டும். வராத தேடலையும் எழுத வேண்டும். அதைக் கைடு பார்த்து எழுத முடியாது.

கஞ்சிக்கோடு ஷிஃப்ட்:
அதையும் ஏஐ எழுதித் தரும் சார் 🙂

சித்தூர்ப்புழை:
தரட்டும். பக்கத்தில் உட்காரவைத்து ஒரு முறை தேடச் சொல்வேன். கார்டு டிராயர் ஐயா, எங்கள் ஊர் நூலகருக்கு இதையெல்லாம் யார் சொல்வது என்றுதான் தெரியவில்லை. நீங்கள் ஒரு புதன்கிழமை வந்து பேசுவீர்களா?

கார்டு டிராயர்:
வருகிறேன். பேப்பருக்கு ஆதரவு என்று மட்டும் நோட்டீஸில் போட்டுவிடாதீர்கள்.

மூணரை மணி பஸ்:
ஐயா சொன்ன மாதிரி ஸ்பெல்லிங்கை மாற்றிப் போட்டேன். இரட்டை 'ஆர்' போட்டதும் மூன்று புத்தகம் வந்தது. இப்போது பெயரை எழுதித் தர முடியும். சாவி வைத்திருக்கும் சார் திங்கள்கிழமைதான் வருவாராம்.