விட்னி ஹூஸ்டனின் 2009 ஆல்பம்: பரிதாபத்துல ஓடுச்சா?

கேசட்பிரியன்:
அந்த ஆல்பம் 'ஐ லுக் டு யூ', நேத்துதான் முழுசா கேட்டேன். 'தி பாடிகார்ட்' படத்துப் பாட்டுல கேட்ட விட்னியை எதிர்பார்த்து உட்கார்ந்தா, குரல் கரகரங்குது, மேல் ஸ்தாயி பக்கமே போகல. ஆனா அமெரிக்காவுல முதல் வாரமே 3 லட்சத்துக்கு மேல வித்து நம்பர் 1. ரசிகர்கள் பாவம் பார்த்து வாங்கினாங்களா?

தாளக்கட்டு:
பாவம் பார்த்து யாருங்க காசு கொடுப்பா? போதைப் பழக்கம், 2007-ல பாபி பிரவுன்கிட்ட இருந்து விவாகரத்து, எல்லாத்தையும் தாண்டி வந்தவங்க. 'மில்லியன் டாலர் பில்' கேளுங்க. அலிஷியா கீஸ் எழுதினது, பழைய டிஸ்கோ வாடை. கத்தவே வேண்டாம், தாளத்து மேல லேசா சாய்ஞ்சு பாடினா போதும். அதுல விட்னி சிரிச்சுக்கிட்டே பாடுற மாதிரி இருக்கும்.

கேசட்பிரியன்:
அது சரி, அந்தப் பாட்டு மட்டும் ரெண்டு தடவை ஓடுச்சு. மெதுவா, உருக்கமா போற பாலட்டுங்க?

மழைச்சாரல்:
டயான் வாரன் எழுதின 'ஐ டிட்ன்ட் நோ மை ஓன் ஸ்ட்ரெங்த்'. வரி கொஞ்சம் சுயமுன்னேற்றப் புத்தகம்தான், ஒத்துக்கிறேன். ஆனா அந்தக் கரகரப்பு இல்லாம 1987 குரல்ல பாடியிருந்தா யார் நம்புவா? தலைப்புப் பாட்டு, பின்னால பாலியல் குற்றங்களுக்குத் தண்டனை வாங்கின பாடகர் ஆர். கெல்லி எழுதினதுங்கிறதுதான் இப்ப உறுத்துது.

தாளக்கட்டு:
மேடையில மட்டும் தாக்குப்பிடிக்கல. 2010 சுற்றுப்பயணத்துல விமர்சகர்கள் கிழிச்சுட்டாங்க. ஸ்டூடியோவுல பத்து டேக் எடுக்கலாம், மேடையில முடியுமா?