லைட்பீமை லேப்டாப் இல்லாமல் ஆப்பிலேயே அலைன் செய்ய முடியுமா?

அரிசிமில்:
மில்லுக்கும் குடோனுக்கும் நடுவில் 600 மீட்டர். இரண்டு மாடியிலும் லைட்பீம் 5ஏசி ஜென்2 (வயர் இல்லாமல் இரண்டு இடத்தை இணைக்கும் டிஷ்) மாட்டியாச்சு. கையில் போனும், அதை செட் செய்கிற யூஐஎஸ்பி ஆப்பும்தான். டிவைஸின் வைஃபையில் சேர்ந்த கொஞ்ச நேரத்தில் ஆப் அறுந்துவிடுகிறது. சிக்னல் -63 காட்டுகிறது. லிங்க் ஓடுகிறது, அப்படியே விட்டுவிடலாமா?

மாடிக்கம்பி:
முதலில் போன். டிவைஸ் தருகிற அந்த 2.4 கிகா வைஃபை செட்டிங் போடுவதற்கு மட்டும்தான், அதில் இன்டர்நெட் வராது. அதைக் கண்டதும் போன் மொபைல் டேட்டாவுக்குத் தாவிவிடும். டேட்டாவை ஆஃப் செய்யுங்கள். "இன்டர்நெட் இல்லை, இணைப்பிலேயே இருக்கவா?" என்று கேட்டால் ஆமாம் கொடுங்கள். ஆண்ட்ராய்டில் லொகேஷன் ஆன், ஐபோனில் லோக்கல் நெட்வொர்க் அனுமதி.

அந்த வைஃபை பவர் போட்டு 15 நிமிடத்தில் தானாக அணைந்துவிடும். காணவில்லையென்றால் பிஓஇ அடாப்டரை (நெட் கேபிள் வழியாகவே கரண்ட் தருவது) கழற்றி மாட்டுங்கள். ஆப் பிடிக்காவிட்டால் பிரவுசரில் 192.168.172.1 அடித்தால் போதும்.

கிரிம்பிங்டூல்:
-63 ஐ (டிபிஎம்; பூஜ்யத்தை நெருங்க நெருங்க சிக்னல் பலம்) அப்படியே விடாதீர்கள். 600 மீட்டரில், 5.8 கிகாவில் காற்றில் போகும் இழப்பு சுமார் 103 டிபி. இரண்டு டிஷ்ஷும் சிக்னலைக் குவிக்கும் பலம் தலா 23 டிபிஐ. அவுட்புட் பவர் 13 டிபிஎம் வைத்தாலே -44 பக்கம் வர வேண்டும். 19 டிபி எங்கேயோ போகிறது! பெரும்பாலும் டிஷ் மெயின் பீமில் இல்லாமல் சைட் லோபில் (பக்கவாட்டில் கசியும் பலவீனமான கதிர்) உட்கார்ந்திருக்கும். இரண்டு பக்கம் கொஞ்சம் திருப்பினால் சிக்னல் குறைவதால் அதுவே உச்சம் என்று தோன்றும்.

அதனால் தாராளமாகத் திருப்பிப் பாருங்கள். ஒரு நேரத்தில் ஒரு பக்கத்து டிஷ்ஷை மட்டும், இடம் வலம் முடித்துவிட்டு மேல் கீழ். ஒவ்வொரு அசைவுக்கும் ஐந்து விநாடி பொறுங்கள், ஆப்பில் எண் தாமதமாகத்தான் மாறும். செயின் 0, செயின் 1 (டிஷ்ஷின் இரண்டு சிக்னல் பாதைகள்) இரண்டுக்கும் வித்தியாசம் 3 டிபிக்குள் இருக்கட்டும். நட்டை இறுக்கியபின் மறுபடி பாருங்கள். இறுக்கும்போதுதான் டிஷ் நகரும்.

அரிசிமில்:
குடோன் பக்கம் திருப்பியதில் -47 வந்துவிட்டது. நடுவில் ஒரு வேப்பமரம், உச்சி பார்வைக்கோட்டுக்கு ஒரு மீட்டர் கீழே. பரவாயில்லையா?

கிரிம்பிங்டூல்:
மரம் பாதி வழியில் இருந்தால் போதாது. அங்கே ஃபிரெனல் ஆரம் (பார்வைக்கோட்டைச் சுற்றி சிக்னல் பரவும் இடத்தின் ஆரம்) 2.8 மீட்டர், அதில் 60 சதவீதம், அதாவது 1.7 மீட்டராவது காலியாக இருக்க வேண்டும். மழையில் இலை நனைந்தால் தெரியும். கிளையை வெட்டுங்கள், இல்லை இரண்டு பக்கக் கம்பியையும் ஒரு மீட்டர் உயர்த்துங்கள்.

மாடிக்கம்பி:
இன்னொன்று: ஆப்பில் லேன் ஸ்பீடு 1000 காட்டுகிறதா பாருங்கள். 100 என்றால் கேபிள் முனையில் இருக்கும் ஆர்ஜே45 பின்னை வெட்டிவிட்டுப் புதிதாகக் கிரிம்ப் செய்யுங்கள். லிங்க்கின் பெயர், பாஸ்வேர்டு மாற்றுவதென்றால் முதலில் தூரத்து டிவைஸில், அப்புறம் பக்கத்தில் இருப்பதில். வரிசை மாறினால் குடோன் மாடி ஏற வேண்டியதுதான்.