கோல்டிங்ஹாம் காலத்தை ஆராய்ந்தாரா, கடிகாரத்தைத் திருத்தினாரா?

மாட்டுங்காவாசி:
ஞாயிற்றுக்கிழமை கூட்டத்தில் "மெட்ராஸ் நேரம்" என்றதும் பலர் திருதிருவென்று விழித்தார்கள். மனம் பொறுக்காமல் எழுதுகிறேன். சென்னை நுங்கம்பாக்கம் வானாய்வகத்தில் வானியலாளராக இருந்த ஜான் கோல்டிங்ஹாம், மெட்ராஸ் நேரம் கிரீன்விச்சுக்கு 5 மணி 21 நிமிடம் 14 விநாடி முந்தியது என்று 1802இல் கணித்தார். பிற்பாடு நம் ரயில்கள் அந்த நேரத்தை வைத்துத்தான் ஓடின. காலத்தை ஆராய்ந்த இப்படிப்பட்ட ஒருவரை மும்பைத் தமிழர்கள் அறியாமல் இருக்கலாமா?

செம்பூர்க்காரன்:
ஐயா, கணக்குப் போட்டார், ஒப்புக்கொள்கிறேன். அது எப்படிக் காலத்தைப் பற்றிய ஆராய்ச்சியாகும்? கிழக்கிந்தியக் கம்பெனியின் கப்பலுக்கும் நில அளவைக்கும் தீர்க்கரேகை தேவைப்பட்டது, நட்சத்திரம் பார்த்துச் சொன்னார். அந்த எண் இந்த ஊரைப் படுத்திய பாடு கொஞ்சமா? பம்பாய் நேரம் 4 மணி 51 நிமிடம். ஊர்க் கடிகாரத்துக்கும் ரயில் கடிகாரத்துக்கும் அரை மணி வித்தியாசம்! 1881இல் மெட்ராஸ் நேரத்தை நம் தலையில் கட்டப் பார்த்தார்கள். ஊர் எதிர்த்தது, கைவிட்டார்கள்.

மாட்டுங்காவாசி:
அவர் இறந்தது 1849இல். போரிபந்தரிலிருந்து தாணேவுக்கு முதல் ரயில் புறப்பட்டது 1853இல். பிறர் சுமத்தியதற்கு அவர் மேல் பழி போடுவது நியாயமில்லை.

அவர் செய்ததைக் கேளுங்கள். செயின்ட் ஜார்ஜ் கோட்டையிலும் பரங்கிமலையிலும் தினமும் பீரங்கி வெடிக்கும். வெளிச்சம் தெரிந்த கணத்துக்கும் ஓசை காதில் விழும் கணத்துக்கும் இடைவெளி எவ்வளவு என்று நாள்தோறும் குறித்தார். வெப்பம், ஈரம், காற்று எல்லாவற்றையும் கூடவே எழுதிவைத்தார். மாதத்துக்கு மாதம் ஓசையின் வேகம் மாறுவது அந்தக் குறிப்புகளில் தெரிந்தது. 1823இல் லண்டன் ராயல் சொசைட்டியின் இதழ் அதை வெளியிட்டது. அதற்குமுன் 1821இல் ஊசல் சோதனை வேறு. விநாடிக்கு ஒருமுறை ஆடும் ஊசல் நிலநடுக்கோட்டை நெருங்க நெருங்கக் குட்டையாக இருக்க வேண்டும், ஏனென்றால் அங்கே ஈர்ப்பு குறைவு. அந்தச் சிறு வித்தியாசத்திலிருந்து பூமி துருவங்களில் எவ்வளவு தட்டையானது என்று சொல்லிவிடலாம்.

தாராவி மகள்:
அண்ணா, 1822இல் அந்த ஊசலைத் தூக்கிக்கொண்டு நிலநடுக்கோடு வரை போனவர்கள் அவருடைய உதவியாளர்களான பீட்டர் லாரன்ஸும் ஜான் ராபின்சனும். அவர்கள் பெயரை விட்டுவிட்டீர்களே? எனக்கு வேறொரு வருத்தமும் உண்டு. 1906இல் 5 மணி 30 நிமிடம் என்ற இந்திய நேரம் வந்தபோது, 39 நிமிடம் முன்னதாக எழ வேண்டுமே என்று இங்குள்ள ஆலைத் தொழிலாளர்கள் எதிர்த்தார்கள். என் தாத்தாவும் ஆலையில் நின்றவர்தான். "சூரியனைக் கேட்டா மணியை மாற்றினார்கள்?" என்பாராம். இந்த ஊரில் பம்பாய் நேரம் 1955 வரை நீடித்தது. காலத்தைப் பற்றிப் பேசும்போது அந்த மக்களையும் சேர்த்துப் பேசுங்கள்.

மாட்டுங்காவாசி:
பெயர்களை விட்டது என் பிழை, தங்கையே. தாத்தா கேட்ட கேள்விக்கும் என்னிடம் பதில் இல்லை.

செம்பூர்க்காரன்:
ஊசலைப் பற்றிப் படித்தபின் என் மதிப்பு கூடியிருக்கிறது. ஆனாலும் அது பூமியைப் பற்றிய ஆராய்ச்சி, காலத்தைப் பற்றியது அல்ல.

மாட்டுங்காவாசி:
விநாடி பிசகினால் ஊசலின் நீளமும் பிசகிவிடும். நட்சத்திரம் வானத்தின் உச்சி வழியாக வடக்கு தெற்காக ஓடும் கற்பனைக் கோட்டைக் கடக்கும் நேரத்தைப் பார்த்துப் பார்த்துத்தான் கடிகாரத்தின் பிழையைக் கண்டுபிடிக்க முடியும். மெட்ராஸ் வெக்கையில் அப்படிக் கண்விழித்த இரவுகளைத்தான் நான் காலத்தைப் பற்றிய ஆராய்ச்சி என்கிறேன். இதில் நான் இறங்கிவர மாட்டேன்.