பாரிமுனை நடைக்குப் போனவர்கள் பார்த்ததையும் தின்றதையும் எழுதுங்கள்

பல்லாவரத்தான்:

பாரிமுனைக்கு நான் போவதெல்லாம் எதையாவது வாங்கத்தான். கல்யாணப் பத்திரிகைக்கு ஆண்டர்சன் தெரு, கண்ணாடிக்கு தேவராஜ முதலி தெரு, மொத்த விலைத் துணிக்கு கோடவுன் தெரு. சாமான் கைக்கு வந்ததும் பஸ் பிடித்து ஓடிவந்துவிடுவேன். போன ஆகஸ்டில் சென்னை தினத்தை ஒட்டி 'வரலாறும் சாப்பாடும்' என்று ஒரு நடை அறிவித்திருந்தார்கள். பெயர் கொடுத்தேன். சாப்பாட்டுக்காகத்தான் கொடுத்தேன் என்பதை இங்கே ஒளிக்க வேண்டியதில்லை.

சனிக்கிழமை காலை எட்டு மணிக்கு டேர் ஹவுஸ் முன்னால் கூடினோம். வழிகாட்ட வந்தவர் ஓர் இளம்பெண். பழைய வரைபடங்களைப் பிரதியெடுத்து லேமினேட் செய்து கொண்டுவந்திருந்தார். முதலில் அந்தக் கட்டடத்தை ஒட்டி நிற்கும் ஒரு கல்தூணைக் காட்டினார். 1773-ஆம் ஆண்டு எல்லைக்கல்லாம். இந்தக் கல்லுக்கும் செயின்ட் ஜார்ஜ் கோட்டைக்கும் நடுவில் யாரும் வீடு கட்டக்கூடாது என்று கிழக்கிந்தியக் கம்பெனி போட்ட உத்தரவு.

ஏன் என்று கேட்டால் கதை பின்னால் போகிறது. வெள்ளைக்காரர்கள் 'கறுப்பர் நகரம்' என்று அழைத்த முதல் ஊர், கோட்டையின் வடக்கு மதிலை ஒட்டியே இருந்தது. இன்று உயர் நீதிமன்றமும் பழைய சட்டக் கல்லூரிக் கட்டடமும் நிற்கும் இடம். 1746-ல் பிரெஞ்சுக்காரர்கள் கோட்டையைப் பிடித்தார்கள், 1749-ல்தான் திருப்பிக் கொடுத்தார்கள். மதிலுக்கு இவ்வளவு பக்கத்தில் வீடுகள் இருந்தால் எதிரி அதன் மறைவிலேயே வந்துவிடுவான் என்று ஒரு பகுதியைப் பிரெஞ்சுக்காரர்களும் மீதியைப் பிறகு ஆங்கிலேயர்களும் இடித்துத் தரைமட்டமாக்கினார்கள். பட்டணம் கோயில் என்று பெயர் பெற்ற சென்னகேசவர் கோயிலும் 1757-ல் அதில் போனது. பிறகு மணலி முத்துக்கிருஷ்ண முதலியார் முன்நின்று பூக்கடைப் பக்கம் புதிதாகக் கட்டிக் கொடுத்தார். ஆக, வக்கீல்கள் டீ குடிக்கும் இடத்துக்கு அடியில் ஓர் ஊர் கிடக்கிறது.

உயர் நீதிமன்றக் கட்டடத்தை (1892) வெளியிலிருந்தே பார்த்துவிட்டு நகர்ந்தோம். அதன் உயரமான குவிமாடத்தின் மேல் 1977 வரை கலங்கரை விளக்கம் எரிந்தது. 1914 செப்டம்பர் 22 இரவு எம்டன் கப்பல் சுட்ட குண்டுகளைப் பற்றிய பலகையும் அந்த மதிலில்தான் இருக்கிறது. எம்டன் கதை எல்லோருக்கும் தெரியும், விடுங்கள்.

அரண்மனைக்காரத் தெருவில் இருக்கும் ஆர்மீனிய தேவாலயம்தான் என்னை நிறுத்தி வைத்தது. 1772-ல் கட்டியது. உள்ளே போனால் தெருச் சத்தம் அப்படியே அறுந்துவிடுகிறது. மணிகளுக்குத் தனிக் கோபுரம், ஆறு பெரிய மணிகள். தரை முழுக்கக் கல்லறைக் கற்கள், நாம் அவற்றின் மேல்தான் நடக்கிறோம். ஹரூத்யூன் ஷ்மாவோன்யான் என்ற பாதிரியார் 1794-ல் இந்தச் சென்னையிலிருந்துதான் 'அஸ்தரார்' என்ற இதழை அச்சிட்டார். உலகத்திலேயே ஆர்மீனிய மொழியில் வந்த முதல் பத்திரிகை அது. அவர் கல்லறையும் இங்கேதான். பெட்ரஸ் உஸ்கான் என்ற இன்னொரு ஆர்மீனிய வணிகரின் பெயரைச் சொன்னதும் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. நான் சின்ன வயதிலிருந்து ஏறி இறங்கும் பரங்கிமலைப் படிகளைக் கட்டியவர் அவர். சைதாப்பேட்டையில் அடையாற்றின் குறுக்கே 1726-ல் முதல் பாலம் கட்டியதும் அவர் காசில்தான்.

பிராட்வேயில் நின்றபோது அந்தப் பெண் வரைபடத்தை எடுத்து விரித்தார். கிழக்கே முத்தியால்பேட்டை, மேற்கே பெத்தநாயக்கன்பேட்டை. நடுவில் சாக்கடையாக ஓடிய ஒரு பள்ளம். அந்தப் பள்ளத்தில்தான் நாங்கள் நின்றோம்! 1707-ல் எந்தச் சாதிக்காரர் கல்யாண ஊர்வலம் எந்தத் தெருவில் போகலாம் என்று வலங்கை, இடங்கை என அன்று சாதிகள் பிரிந்திருந்த இரண்டு அணியினரும் அடித்துக்கொண்டார்கள். தகராறு முற்றி வலங்கையினர் பலர் வேலையைப் போட்டுவிட்டு சாந்தோமுக்குப் போய் உட்கார்ந்துகொண்டார்கள். கவர்னர் தாமஸ் பிட் மேற்கை வலங்கைக்கும் கிழக்கை இடங்கைக்கும் என்று பிரித்துக் கொடுத்தார். விசுவகர்மா சமூகத்தாரின் காளிகாம்பாள் கோயில் கிழக்கே தம்புச் செட்டித் தெருவில் இருப்பதற்கு இந்தப் பிரிவோடு தொடர்பு உண்டு, அவர்கள் இடங்கை. பள்ளத்தைத் தூர்த்துச் சாலை போட்டவர் ஸ்டீபன் பாபம் என்ற வக்கீல், 1780களில். சென்னைக்கு போலீஸ் வேண்டும் என்று திட்டம் எழுதிக் கொடுத்ததும் அவர்தான். இன்று பெயர்ப்பலகையில் பிரகாசம் சாலை.

சரி, சாப்பாடு? காலையில் தங்கசாலையில் ஜிலேபியும் கச்சோரியும் கிடைத்தன. முறுக்கு சாண்ட்விச் கடை திறக்கவில்லை. அத்தோ மாலையில்தான் என்றார்கள். அழைப்பிதழில் போட்டிருந்ததில் பாதிதான் வயிற்றுக்குள் போனது. மற்றவர்களுக்கு எப்படி?


கோவை வாசி:

நான் போனது மாலை நடை, காசு கட்டி. ஏறத்தாழ நாற்பது பேர், ஒரு கை மைக். பின்னால் நின்ற எனக்குப் பாதி காதில் விழவில்லை, விழுந்த பாதியில் கொஞ்சம் அளப்பு.

காளிகாம்பாள் கோயிலில் வழிகாட்டி, சத்ரபதி சிவாஜி மாறுவேடத்தில் வந்து கும்பிட்டார், 1677 அக்டோபர் 3 என்று தேதியோடு சொன்னார். கோயிலிலும் அப்படித்தான் எழுதி வைத்திருக்கிறார்கள். கோயில் மரபு என்று சொல்லியிருந்தால் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. கண்ணால் பார்த்த மாதிரி, எந்த வாசல் வழியாக வந்தார், பூசாரியிடம் என்ன பேசினார் என்பது வரை போனால் எப்படி? இத்தனைக்கும் பதிவில் இருப்பதே போதும். அந்த வருடம் சிவாஜி தெற்கே படையோடு வந்தது உண்மை, செஞ்சியைப் பிடித்தது உண்மை. சென்னைக் கோட்டைக்குக் கடிதம் எழுதி, பலம் தரும் மருந்துகளும் விஷமுறிவும் அனுப்பச் சொன்னார். கம்பெனிக்காரர்களும் பயந்துகொண்டே பணம் வாங்காமல் அனுப்பி வைத்தார்கள். இது கோட்டைப் பதிவுகளிலேயே இருக்கிறது. இதைச் சொல்லியிருந்தால் நாற்பது பேரும் வாயைப் பிளந்திருப்பார்கள்.

மாலையில் போனதால் ஆர்மீனிய தேவாலயத்தின் பூட்டிய கதவைத்தான் பார்த்தேன். பிற்பகலிலேயே சாத்திவிடுகிறார்கள். சாப்பாட்டில் குறையில்லை. சீனா பாய் கடையில் நெய்யில் மிதந்த பொடி இட்லி, அப்புறம் ஊத்தப்பம். கொழுப்பு ஏறியவர்கள் டாக்டரிடம் கேட்டுவிட்டுப் போகவும்.


தங்கசாலை மருமகள்:

கல்யாணமாகி இந்தத் தெருவுக்கு வந்தவள் நான், பிறந்த வீடு கும்பகோணம். உங்களைப் போன்ற நடைக்குழுக்கள் எங்கள் வாசலில் நிற்பதை மாடியிலிருந்து பார்ப்பேன். அதனால் ஒரு வேண்டுகோளை முதலில் சொல்லிவிடுகிறேன். இந்தச் சந்துகளில் வண்டி, கைவண்டி, மூட்டை தூக்குபவர் எல்லாம் போக வேண்டும். முப்பது பேர் வட்டமாக நின்றால் தெரு அடைத்துவிடும். வாசலில் உட்கார்ந்திருக்கும் பாட்டிகளைக் கேட்காமல் போட்டோ எடுக்காதீர்கள்.

பல்லாவரம் அண்ணா, காலையில் வந்தால் கச்சோரி, ஜிலேபி, பால் ஐட்டம்தான். வெங்காயக் கச்சோரியைச் சுடச்சுட, வாங்கிய இடத்திலேயே சாப்பிட வேண்டும். வீட்டுக்கு எடுத்துப் போனால் தோல்தான் மிஞ்சும். காக்கடா ராம்பிரசாத்தில் ஜிலேபி நெய்யில் போடுவார்கள், மாலையில் பாதாம் பாலுக்கும் அங்கே கூட்டம். சாட் வகை, பாவ் பாஜி, முறுக்கு சாண்ட்விச் எல்லாம் நான்கு மணிக்கு மேல்.

முறுக்கு சாண்ட்விச்சைப் பற்றி வெளியூர்க்காரர்கள் அதிகம் கேட்கிறீர்கள். ரொட்டிக்குப் பதில் இரண்டு வட்ட முறுக்கு, நடுவில் பச்சைச் சட்னி, வெள்ளரிக்காய், தக்காளி, வெங்காயம், மேலே சீஸ் துருவல். ஒரே வாயில் போட வேண்டும். கடித்தால் சட்டை போச்சு. ராஜஸ்தானில் தேடினாலும் குஜராத்தில் தேடினாலும் இது கிடைக்காது. நம்மூர் முறுக்கு அவர்கள் சட்னியைச் சந்தித்த இடம் இந்தத் தெரு.

வழிகாட்டிகள் யாரும் சொல்லாத ஒன்று: இங்கே ஜெயின் குடும்பங்கள் நிறைய. வெங்காயம், பூண்டு, உருளைக்கிழங்கு என்று மண்ணுக்கடியில் விளைவது எதையும் தொடாதவர்கள் இருக்கிறார்கள். அதனால் கடையில் 'ஜெயின்' என்று சொல்லிக் கேட்டால் உருளைக்குப் பதில் வாழைக்காய் போட்ட பாவ் பாஜி வரும். சாப்பிட்டுப் பாருங்கள், எனக்கு இப்போது அதுதான் பிடிக்கிறது. சூரியன் மறைந்த பிறகு சாப்பிடாத வழக்கமும் பலருக்கு உண்டு, மழைக்கால நான்கு மாதமும் இன்னும் கண்டிப்பு. எங்கள் கட்டடத்தில் சில வீடுகளில் ஆறு மணிக்குள் ராச்சாப்பாடு முடிந்து பாத்திரம் கழுவியாகிவிடும். அதே நேரத்தில்தான் கீழே தெருவில் கடைக்காரர் கல்லைச் சூடேற்றுகிறார்!

கொத்தவால் சாவடிக் காய்கறிச் சந்தை 1996-ல் கோயம்பேட்டுக்குப் போனது. அதற்கு முன்னால் விடியற்காலையில் இந்தப் பக்கம் கால் வைக்க முடியாது என்பார் மாமியார். கூட்டமும் அழுகல் நாற்றமும் போனதில் அவருக்குச் சந்தோஷம்தான். ஆனால் விலை கேட்டுப் பேரம் பேசி ஜெயிக்க ஆள் இல்லாமல் போனதில் குறை. நேரமிருந்தால் ராசப்பச் செட்டித் தெருவில் கந்தகோட்டத்துக்கும் போங்கள். வள்ளலார் சின்ன வயதில் பாடிய சன்னதி.


வியாசர்பாடிக்காரன்:

அத்தோ பற்றி யாராவது எழுதுவார்கள் என்று காத்திருந்தேன். எல்லோரும் பேரை மட்டும் சொல்லிவிட்டு நகர்கிறீர்கள்.

எங்கள் தாத்தா ரங்கூனில் மளிகைக் கடை வைத்திருந்தவர். 1962-ல் ராணுவ ஆட்சி வந்தது, அடுத்த இரண்டு வருடத்தில் கடைகளையெல்லாம் அரசாங்கம் எடுத்துக்கொண்டது. கப்பல் ஏறியபோது கையில் கொண்டுவர விட்டது கொஞ்சம்தான். துறைமுகத்தில் இறங்கியவர்கள் எத்தனையோ பேர், எங்கள் பக்கத்தில் பர்மா காலனியே உண்டு. பிழைப்புக்காக 1969-ல் கடற்கரைச் சாலையோரம் கடை போட இடம் கொடுத்தார்கள், அதுதான் பர்மா பஜார். அதை எல்லோரும் கடத்தல் டேப்ரிக்கார்டர் வாங்கிய இடமாக மட்டும் ஞாபகம் வைத்திருக்கிறார்கள்.

நான் சேர்ந்து போன நடையில் வழிகாட்டி அத்தோவை 'பர்மா நூடுல்ஸ்' என்று ஒரு வரியில் முடித்தார். என்னால் பொறுக்க முடியாமல் நானே பேசினேன். அவரும் நல்ல மனுஷர், பேச விட்டார். அத்தோவில் அடுப்புக்கு வேலையே கிடையாது. முன்பே வேகவைத்து ஆறிய நூடுல்ஸில் பொடியாக அரிந்த முட்டைக்கோஸ், வெங்காயம், கொத்தமல்லி, வறுத்த பூண்டு, பூண்டு எண்ணெய், மிளகாய்த்தூள், புளித்தண்ணீர் எல்லாம் போட்டுக் கையால் பிசைவார்கள். மேலே பேஜோ என்ற பொரித்த தட்டையை நொறுக்கிப் போடுவார்கள், அந்த மொறுமொறுப்பு இல்லையென்றால் அத்தோ இல்லை. கூடவே வாழைத்தண்டு சூப். மொய்ங்கா என்ற இன்னொரு நூடுல்ஸை பர்மாவில் மீன் குழம்பில் செய்வார்கள். இங்கே பல கடைகளில் இந்தச் சூப்பையே நூடுல்ஸ் மேல் ஊற்றித் தருகிறார்கள், சைவக்காரர்களும் சாப்பிட வேண்டுமே. பாட்டி கடைசி வரை அதை மொய்ங்கா என்று ஒத்துக்கொள்ளவில்லை. எனக்கு இதுதான் மொய்ங்கா.

முட்டையை மறக்காதீர்கள். அவித்த முட்டையைக் கீறி, வறுத்த வெங்காயமும் பூண்டும் திணித்து, மிளகாய்த்தூளும் புளித்தண்ணீரும் விட்டுத் தருவார்கள். அப்படியே வாயில் போட வேண்டும்.


பல்லாவரத்தான்:

எல்லோருக்கும் நன்றி. இதையெல்லாம் வைத்துப் பார்த்தால் நடையைத் தலைகீழாகப் போட வேண்டும் போலிருக்கிறது. கிழமை நாளில் பகல் ஒரு மணிக்கு ஆர்மீனிய தேவாலயத்தில் தொடங்கி, அங்கிருந்து பிராட்வே, காளிகாம்பாள். நாலரைக்கு தங்கசாலை, ஏழு மணிக்கு அத்தோ. செவ்வாய்க்கிழமை மட்டும் வேண்டாம், அரண்மனைக்காரத் தெருவில் அந்தோணியார் கோயில் கூட்டத்தில் நகர முடியாது. வியாசர்பாடி சார், அத்தோவுக்கு செகண்ட் லைன் பீச் பக்கம் வந்தால் போதுமா?


வியாசர்பாடிக்காரன்:

போதும் சார். பீச் ஸ்டேஷனில் இறங்கி யாரைக் கேட்டாலும் காட்டுவார்கள். பேஜோ தனியாக ஒரு தட்டு சேர்த்துக் கேளுங்கள், காரம் குறைவாக வேண்டுமென்றால் பிசைவதற்கு முன்னாலேயே சொல்லிவிடுங்கள்.